பதினொரு தடவை ஆனந்தராசா

ஈஸ்டர் ஞாயிறன்று, ஒக்லாந்தின் பக்குரங்காவில் பீட்டர் வீட்டு மதியச் சாப்பாட்டில், ரதிதேவி அந்தப் பெயரைப் பதினொரு தடவை சொன்னாள். எண்ணிக்கொண்டிருந்தவர் அவளுடைய கணவர் தியாகலிங்கம். மற்றவர்களுக்கு எண்ணத் தோன்றவில்லை. அவர்கள் வாயைப் பிளந்து கதை கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

1995ஆம் ஆண்டு அது. ரதிதேவி ஒக்லாந்துக்கு வந்து இரண்டு மாதம்தான் ஆகியிருந்தது. அதற்கு முன் நாலு வருடத்துக்கு மேல் அவள் யாழ்ப்பாணத்தில், முற்றுகைக்குள் இருந்தவள். மின்சாரம் வெட்டு, தொலைபேசி வெட்டு, மண்ணெண்ணெய் தடை, சவர்க்காரம் தடை, பற்றரி தடை, மேலே குண்டுவீச்சு விமானம். அதற்குள் இருந்து உயிரோடு வந்த ஒருத்தியை ஒக்லாந்துத் தமிழர்களில் பலர் நேரில் பார்த்ததில்லை. பீட்டரும் மனைவி மார்கரெட்டும் மலேசியாக்காரர். அவர்களுக்கு அவள் சொன்னது எல்லாமே புதுமையாக இருந்தது.

"கரண்ட் இல்லாம ரேடியோ எப்படிம்மா கேட்டீங்க?" என்றாள் மார்கரெட்.

"சைக்கிள் டைனமோவிலை. ஆனந்தராசா அண்ணை சைக்கிளைத் தலைகீழா நிப்பாட்டிப்போட்டுக் கையாலை பெடலைச் சுத்துவார். நியூஸ் முடியுமட்டும் விடாமல் சுத்த வேணும். விட்டால் ரேடியோ செத்துப்போம். நாங்கள் பத்துப் பன்ரெண்டு பேர் சுத்திவர இருந்து கேப்பம்."

"ஆள் ரொம்பக் கெட்டிக்காரர்லா!" என்றார் பீட்டர்.

அது ஏழாவது தடவை. எட்டாவது, ஜாம் போத்தலுக்குள் பஞ்சை வைத்து, அதில் இரண்டு கரண்டி மண்ணெண்ணெய் விட்டு ஒரு கிழமை எரியும் விளக்குச் செய்த ஆனந்தராசா. ஒன்பதாவது, சவர்க்காரத்துக்குப் பதில் பனம்பழக் களியில் உடுப்புத் தோய்க்கலாம் என்று காட்டிக்கொடுத்த ஆனந்தராசா. பத்தாவது வந்தபோது தியாகலிங்கத்தால் பொறுக்க முடியவில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"நானும் இஞ்சை வந்த முதல் வின்ரர், ஹீற்றர் இல்லாத அறையிலை அஞ்சு பேரோடை…"

"அப்போ தீப்பெட்டி?" என்று மார்கரெட் ரதிதேவியைக் கேட்டாள்.

தியாகலிங்கம் ஆறிப்போன ஆட்டுக்கறியைச் சாப்பிடத் தொடங்கினார்.

அவரைக் கெட்ட மனிதர் என்று யாரும் சொல்லமாட்டார்கள். காங்கேசன்துறை சீமெந்துத் தொழிற்சாலையில் ஸ்ரோர் கீப்பராக இருந்தவர். கலியாணம் முடிந்து எட்டாம் மாதம், 1989இல், முன்னுக்குப் போய் வழி பார்த்துவிட்டு மனைவியைக் கூப்பிடுகிறேன் என்று புறப்பட்டார். ஒரு வருடத்தில் கூப்பிடுவதாகத்தான் சொன்னார். அடுத்த ஆனியில் சண்டை மூண்டு யாழ்ப்பாணத்தின் கதவுகள் சாத்தப்பட்டுவிட்டன. அவர் இங்கே பென்ரோஸில் ஒரு பண்டகசாலையில் போர்க்லிஃப்ட் ஓட்டி, அகதி விண்ணப்பம் போட்டு, நாலு வருடம் இழுபட்டு, கடைசியில் விசா எடுத்துக் கூப்பிட்டார். "என்ரை கையெழுத்திலைதான் அவ வந்தவ" என்று அவர் சொல்லும்போது நெஞ்சு சற்று நிமிரும். அந்தப் பெருமை அவருக்கு உரியதுதான்.

ஆனால் அந்த வருடங்களில் செஞ்சிலுவைக்காரர் மூலம், மூன்று மாதம் பிந்தி, முன்னுக்குப் பின்னாக வந்த கடிதங்களிலேயே அந்தப் பெயர் இருந்தது. பக்கத்து வீட்டு ஆனந்தராசா அண்ணை குண்டுக்குப் பதுங்கப் பங்கர் வெட்டித் தந்தார். ஆனந்தராசா அண்ணை கூட்டுறவுச் சங்கக் கடையில் வரிசையில் நின்று சீனி வாங்கித் தந்தார். தியாகலிங்கத்துக்கு ஆளைத் தெரியும். சைக்கிள் கடைக்காரன். நெடுவல், கறுவல், எந்நேரமும் விரல்களில் கிரீஸ். கலியாணம் கட்டாதவன். அந்தக் கடைசி விஷயம் அவர் வயிற்றில் போய்த் தங்கிவிட்டது. ரதி தன் ஐயாவோடு இருந்தாள். தொண்ணூற்று மூன்றில் ஐயா காலமானார். அதற்குப் பிறகு வேலிக்கு இந்தப் பக்கம் தனியே ஒரு பெண், அந்தப் பக்கம் தனியே ஓர் ஆண். அண்ணை என்று கூப்பிட்டால் எல்லாம் சரியாகிவிடுமா என்று ஐந்தாறு உதவாக்கரை நினைப்புகளை வைத்துக்கொண்டு அவர் தனக்குள்ளே வழக்காடினார்.

வேலியும் இல்லை என்பது ரதி வந்த பிறகுதான் தெரிந்தது. இரண்டு வீட்டுக்கும் பொதுவாகப் பங்கர் வெட்டுவதற்காக வேலியைப் பிரித்துவிட்டார்களாம்.

"பங்கர் எவ்வளவு பெரிசு?" என்று கேட்டார், தேத்தண்ணியைக் குடித்தபடி, ஏதோ பொதுவான அறிவுக்காகக் கேட்பவர் மாதிரி.

"ஆறடி நீளம், நாலடி அகலம் இருக்கும்."

"எத்தினை பேர் இருப்பியள்?"

"அயலட்டை எல்லாம் சேர்ந்து எட்டுப் பேர். பொம்பர் வந்தால் ஒம்பது பத்தும் இருந்திருக்கிறம்."

மறுநாள் வேலையிடத்தில் மதியச் சாப்பாட்டு நேரம் தியாகலிங்கம் ஒன்றரைப் பலெற், அதாவது ஆறடிக்கு நாலடி அளவுக்கு நிலத்தில் சோக்கட்டியால் கோடு கீறினார். அதற்குள் போய்க் குந்தினார். எட்டுப் பேர் இருந்தால் ஒருவர் முழங்கால் மற்றவர் முதுகில் படாமல் இருக்க வழி உண்டா என்று இடமும் வலமுமாகத் திரும்பிப் பார்த்தார். வழியே இல்லை. கூட வேலை செய்யும் சமோவாக்காரன் என்ன நடந்தது, முதுகுப் பிடிப்பா என்று கேட்டான். ஓம் என்று சொல்லிவிட்டு எழும்பினார்.

இன்னொரு நாள் கூறைச் சேலையைப் பற்றிக் கேட்டார். கலியாணத்தன்று அவர் கையால் கொடுத்த கூறை. பெட்டியில் காணவில்லை.

"அது மண்மூட்டை தைக்கப் போட்டுது" என்றாள் ரதி. "சாக்கு எங்கை கிடைக்குது? சனமெல்லாம் சீலையைத்தான் வெட்டித் தைச்சது. மற்றச் சீலை முடிஞ்சாப்போலை அதையும் எடுத்தன். ஆனந்தராசா அண்ணை கத்தினவர். அது வேண்டாம் தங்கச்சி, நான் என்ரை சாரங்களைத் தாறன், அதை வையுங்கோ, அவர் வந்து கேப்பார் எண்டு."

"அப்ப ஏன் வெட்டினனீ?"

"சாரத்தைத் தந்தால் அந்த மனிசன் எதைக் கட்டுறது?"

அவள் சிரித்தாள். தான் வாங்கிய கூறை மண்ணை நிரப்பிக்கொண்டு அவனுடைய பங்கர் வாசலில் கிடந்ததை நினைத்து அவருக்கு உடம்பெல்லாம் எரிந்தது. வேண்டாம் என்று தடுத்தவன் அவன்தான் என்பது காதில் விழவே இல்லை. பொறாமைக்காரனுக்கு எது வேண்டுமோ அதுதான் கேட்கும்.

இன்னும் பெரிய எரிச்சல் ஒன்றும் இருந்தது. அதை வெளியில் சொல்லவும் முடியாது. மனைவி பட்ட துன்பத்தின் மீதே அவருக்குப் பொறாமை. அந்த வருடங்களில் அவளுடைய பயம், பசி, அழுகை, சிரிப்பு எல்லாம் வேறொருவன் கண் முன்னால் நடந்து முடிந்துவிட்டன. ஒரு தீக்குச்சியால் நாலு வீட்டு அடுப்பு எரிந்த கதையை அவள் சொல்லும்போது முகத்தில் வரும் வெளிச்சம், அவர் வாங்கி வைத்த மின் அடுப்பைப் பார்க்கும்போது வருவதில்லை. அதனால் அந்தக் கதை தொடங்கினால் அவருக்கு உடனே ஒரு வேலை வந்துவிடும். "பாஸ் எடுக்கேக்கை ஆனந்தராசா அண்ணைதான்…" என்று அவள் ஒரு நாள் ஆரம்பித்தபோது குப்பைவாளியை எடுத்துக்கொண்டு தெருவுக்குப் போனார். இன்னொரு நாள் அதே கதை வந்தபோது தேத்தண்ணிக்குக் கேத்திலைப் போட்டார். அவள் எப்படி யாழ்ப்பாணத்தை விட்டு வெளியே வந்தாள் என்பதை அவர் ஐந்து மாதமாக முழுவதும் கேட்கவில்லை.

ஆடி மாதம், நல்ல குளிர். வெள்ளன வேலைக்குப் போகிறவர் ஆகையால் மூன்று மணிக்கே வீட்டுக்கு வந்துவிடுவார். ரதி தையல் தொழிற்சாலையிலிருந்து வர ஐந்தாகும். அன்று தபால்பெட்டிக்குள் கொழும்பு முத்திரையோடு ஒரு கடித உறை கிடந்தது. திருமதி ரதிதேவி தியாகலிங்கம் என்று பெயர். விலாசம் முழுவதும் ரதியின் சொந்தக் கையெழுத்து.

அவருக்கு முதலில் விளங்கவில்லை. ரதி இங்கே இருக்கிறாள், ரதி எழுதிய உறை அங்கேயிருந்து வருகிறது. பிறகு உறையைத் திருப்பினார். பின்பக்கம் வேறு கையெழுத்தில், கோணல்மாணலாக, சி. ஆனந்தராசா என்று இருந்தது.

அதாவது இவள் புறப்படும்போதே, தன் பெயரைத் தானே எழுதி, அவனிடம் உறையைக் கொடுத்துவிட்டு வந்திருக்கிறாள். எழுது என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறாள். தியாகலிங்கம் வாசல்படியில் இருந்துவிட்டார். இத்தனை நாள் சந்தேகம் வெறும் சந்தேகமாக இருந்தது. இப்போது அதற்கு முத்திரை குத்தியிருந்தது.

அவர் கடிதத்தைத் திறக்கவில்லை. மனைவியின் கடிதத்தை உடைத்துப் பார்க்கும் ஆள் தான் இல்லை என்பதில் அவருக்கு ஒரு கௌரவம். கொடுக்கவும் இல்லை. சாப்பாட்டுப் பைக்குள் வைத்து, மறுநாள் பென்ரோஸுக்குக் கொண்டுபோய், லொக்கரில் பழைய பூட்ஸுக்கு அடியில் வைத்துப் பூட்டினார். வெள்ளிக்கிழமை கொடுப்பம் என்று நினைத்தார். வெள்ளிக்கிழமை வந்ததும், அவள் உறையைக் கண்டு முகம் மலருவதைத் தன் கண்ணால் பார்க்க வேண்டுமே என்று நினைத்து விட்டுவிட்டார். ஆவணி போயிற்று, புரட்டாதி போயிற்று. ஒவ்வொரு நாளும் பூட்ஸை மாற்றும்போது அந்த உறையின் மூலை தெரியும்.

ஐப்பசி முடிய யாழ்ப்பாணம் இடம்பெயர்ந்தது. இராணுவம் நெருங்கி வர, ஊரை வைத்திருந்த போராளி இயக்கம் ஒரே நாள் மாலையில் முழு நகரத்தையும் வெளியேறச் சொல்ல, லட்சக்கணக்கான சனம் மழையில், ஒரு பாலத்தால், தென்மராட்சிக்கு நடந்தது. ஒக்லாந்தில் தமிழ் வீடுகளில் தொலைபேசி ஓயவில்லை. யாருக்கும் யாரைப் பற்றியும் தெரியவில்லை. ரதி வேலைக்குப் போகவில்லை. வானொலிக்குப் பக்கத்தில் இருந்தவள், கணவர் வந்ததும் பார்த்து அழத் தொடங்கினாள்.

"எல்லாரும் எப்பிடியும் நடந்திடுவினம். ஆனந்தராசா அண்ணை என்ன செய்தாரோ? அவருக்குக் கண் தெரியாதே."

"என்ன கண் தெரியாது?"

"எத்தினை தரம் சொல்ல வந்தன், நீங்கள் கேட்டால்தானே. கண்ணுக்குள்ளை பிரஷர். மருந்து வாறேல்லை. ஒரு கண் மங்கிப்போச்சு, மற்றக் கண்ணும் போகப்போகுது, கெதியாக் கொழும்புக்குப் போய் ஒப்பரேஷன் செய்து வெட்டவேணும் எண்டு டொக்டர் சொன்னவர். அந்த நேரம்தான் உங்கடை விசாக் கடிதம் வந்தது. யாழ்ப்பாணத்தை விட்டு வெளிக்கிட இயக்கத்தின்ரை பாஸ் வேணும், அதுக்கு ஒரு ஆள் பிணை நிக்க வேணும். ரெண்டு மாதத்திலை நான் திரும்பி வராட்டில், பிணை நிண்ட ஆளுக்குப் பிறகு பாஸ் இல்லை. அந்த ஆள் வெளியிலை போகேலாது. ஐயா இல்லை. எனக்கு ஆர் நிக்கிறது?"

தியாகலிங்கம் வானொலியின் சத்தத்தைக் குறைத்தார்.

"நான் திரும்பி வரமாட்டன் எண்டு அவருக்குத் தெரியும். வேண்டாம் அண்ணை, நீங்கள் முதல்லை போய்க் கண்ணைக் காட்டிப்போட்டு வாங்கோ, நான் பேந்து போறன் எண்டு மண்டாடினன். அங்கை ஒரு மனிசன் அஞ்சு வருசமாக் காத்துக்கொண்டிருக்கு, நீ போ தங்கச்சி எண்டு சொல்லிக் கையெழுத்து வைச்சவர்."

"உனக்கு… உன்ரை பெயரெழுதின என்வலப் ஏதும்…"

"ரெண்டு எழுதிக் குடுத்திட்டு வந்தனான். அவருக்கு இங்கிலிஷ் விலாசம் எழுத வராது. கண்ணும் தெரியாது. ஏதும் தேவையெண்டால் எழுதுங்கோ, அவர் செய்வார் எண்டு உங்களைத்தான் சொல்லிப்போட்டு வந்தன். ஏன் கேக்கிறியள்?"

தியாகலிங்கம் குப்பைவாளியை எடுத்துக்கொண்டு வெளியே போனார். மறுநாள் மதியம், பண்டகசாலை முற்றத்தில், போர்க்லிஃப்டில் இருந்தபடி உறையைக் கிழித்தார். பெரிய பெரிய எழுத்துகள், வரிகள் ஒன்றின் மேல் ஒன்று ஏறியிருந்தன. முதல் வரியிலேயே அவர் கண் நின்றுவிட்டது.

"அன்புள்ள தியாகலிங்கம் அண்ணைக்கு" என்று தொடங்கியிருந்தது.

கடிதம் அவருக்குத்தான். உறையில் மட்டும்தான் ரதியின் பெயர். வைகாசியில் எழுதியது. தங்கச்சி சுகமாக வந்து சேர்ந்தது அறிந்து சந்தோஷம். உங்களைத் தொந்தரவு செய்வதற்கு மன்னிக்கவும். பாஸ் கொடுக்கும் கந்தோரில் ஒரு வழி சொல்கிறார்கள். புருஷன் கூப்பிட்டுத்தான் மனைவி வெளிநாடு போனவ என்று புருஷனின் கையெழுத்தோடு ஒரு கடிதமும் விசாவின் பிரதியும் வந்தால், என்னுடைய பிணையை விடுவித்து எனக்குப் பாஸ் தருவார்கள். ஆவணிக்கு முன் வெட்டினால் ஒரு கண்ணாவது மிஞ்சும் என்று டொக்டர் சொல்கிறார். ஆகையால் கெதியாக அனுப்பினால் உதவியாக இருக்கும். நீங்கள் விட்டுப்போன சைக்கிளைக் கழற்றி எண்ணெய் பூசி வைத்திருக்கிறேன், கறள் பிடிக்காது.

அவ்வளவுதான். கேட்டது ஒரு கையெழுத்து. எந்தக் கையெழுத்தைப் பற்றி ஊரெல்லாம் பெருமை பேசினாரோ அதே கையெழுத்து. ஆவணி போய் இரண்டு மாதம் ஆகியிருந்தது. கடிதம் போட வேண்டிய கந்தோரும் இல்லை, நகரத்தில் சனமும் இல்லை. தியாகலிங்கம் போர்க்லிஃப்டின் மேல் இருந்து வாய்விட்டு அழுதார். சமோவாக்காரன் ஓடி வந்து முதுகைத் தடவினான், முதுகுப் பிடிப்பு என்றே நினைத்துக்கொண்டு.

அன்று மாலை கடிதத்தை ரதியின் கையில் கொடுத்தார். அவள் வாசித்தாள். பிறகு உறையை எடுத்து முத்திரையில் திகதியைப் பார்த்தாள்.

"இது எப்ப வந்தது?"

"ஆடியிலை."

"எங்கை இருந்தது?"

"வேலையிலை. என்ரை லொக்கருக்கை."

ஏசுவாள் என்று எதிர்பார்த்தார். ஏசினால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தார். அவள் அவரை ஒரு புது ஆளைப் பார்ப்பதுபோல் பார்த்தாள். எழும்பிப் போய்ச் சோற்றை அடுப்பில் வைத்தாள். அவ்வளவுதான் நடந்தது.

அன்றிலிருந்து ரதிதேவி அந்தப் பெயரைச் சொல்லவில்லை. விளக்குக் கதையும் இல்லை, ரேடியோக் கதையும் இல்லை. அடுத்த ஈஸ்டருக்குப் பீட்டர் வீட்டில் மார்கரெட் அதே கதைகளைக் கேட்டபோது, மறந்துபோச்சு என்று சொல்லிவிட்டாள். ஒரு காலத்தில் அந்தப் பெயர் அவள் வாயில் வராமல் போக வேண்டும் என்று தியாகலிங்கம் எத்தனை ஏங்கியிருப்பார்! இப்போது வீட்டில் அதைச் சொல்லுகிறவர் அவர் ஒருவர்தான். செஞ்சிலுவைக்கு ஆறு கடிதம் எழுதினார். சி. ஆனந்தராசா, சைக்கிள் கடை, கண் பார்வை குறைந்தவர். ஒக்லாந்துக்குத் தெற்கே புக்கெகோஹியில் வெங்காயத் தோட்டத்தில் வேலைக்கு வந்த மகேசன் என்பவர் தென்மராட்சி வழியாக வந்தவர் என்று கேள்விப்பட்டு, ஒரு சனிக்கிழமை காரை எடுத்துக்கொண்டு போய் விசாரித்தார். மகேசனுக்குத் தெரியவில்லை. அத்தனை சனத்துக்குள் ஆரை ஆர் கண்டது அண்ணை என்றார்.

போகாத பொறாமையும் ஒன்று இருந்தது, அதையும் சொல்லத்தான் வேண்டும். ரதி மௌனமாகத் தைத்துக்கொண்டிருக்கும்போது அவள் யாரை நினைக்கிறாள் என்று அவருக்குத் தெரியும். அந்த இடத்தில் இருக்கத் தகுதி உள்ளவன் அவன்தான் என்பதும் தெரியும். முன்பு அவனைத் திட்டலாம். இப்போது அதுவும் முடியாது.

1997 மாசியில் இரண்டாவது உறை வந்தது. அதே ரதியின் கையெழுத்து, மழையில் ஊறிக் காய்ந்து மங்கிப்போயிருந்தது. தியாகலிங்கம் அதைத் தொடவில்லை. தபால்பெட்டிக்குள்ளேயே விட்டுவிட்டு, ஐந்து மணி வரை படியில் இருந்து காவல் காத்தார். ரதி வந்ததும் கையால் காட்டினார். அவள் எடுத்து, நின்ற இடத்திலேயே உடைத்தாள்.

உள்ளே இருந்தது ஒரு பள்ளிக்கூடப் பிள்ளையின் குண்டுக் கையெழுத்து. சொல்லச் சொல்ல எழுதியது. ரதி அதைப் படித்து முடித்தாள். பிறகு, ஒன்றேகால் வருடத்தில் முதல் தடவையாக, அவருக்குப் பக்கத்தில் படியில் இருந்து, சத்தமாக வாசித்தாள்.

"அன்புள்ள தியாகலிங்கம் அண்ணைக்கு. நான் கொடிகாமத்திலை சொந்தக்காரர் வீட்டிலை நல்ல சுகம். கண் ரெண்டும் இப்ப இல்லை, பழகிவிட்டது. சைக்கிள் செயின் கையாலை தடவியே பூட்டுவன். உங்கடை சைக்கிளை ஊரிலை விட்டிட்டு வரவேண்டியதாப் போச்சு, குறை நினைக்கவேண்டாம். முந்தி உங்களுக்கு ஒரு கடிதம் போட்டனான். அது கிளாலிக் கடலிலையோ எங்கையோ துலைஞ்சிருக்கும், எங்கடை கடிதங்கள் அப்பிடித்தானே. கிடைச்சிருந்தால் நீங்கள் அண்டைக்கே எழுதியிருப்பியள் எண்டு எனக்குத் தெரியும்."

அதற்குக் கீழே இன்னும் இரண்டு வரி இருந்தது. ரதி அதைச் சத்தமாக வாசிக்காமல் அவருக்கென்று விட்டாள். கடிதத்தை மடித்து அவர் மடியில் வைத்தாள்.

"பதில் எழுதுங்கோ" என்றாள். "உங்கடை கையெழுத்தைப் போட்டு."